வானொலி இசையும் ஒரு அகதியும்

பெண்ணாடம், விருத்தாசலம் பக்கம் திருச்சி வானொலி கேட்டு வளர்ந்தவர்கள் யாரும் அந்த இசையை மறந்திருக்க மாட்டார்கள். அதிகாலையில் நிலையம் திறக்கும்போது தம்புரா சுருதியோடு ஒரு வயலின் ஒலிக்குமே... அதேதான்! சிவரஞ்சனி சாயலில் வரும் அந்தச் சின்ன இசையை அமைத்தது யார் என்று கேட்டால் மட்டும் பெரும்பாலும் பதில் வராது.

அவர் பெயர் வால்டர் காஃப்மான். (வேறு ஓரிரு பெயர்களைச் சொல்பவர்களும் உண்டு. ஆனால் பரவலாகச் சொல்லப்படுவது இவர் பெயர்தான்.)

காஃப்மான் 1907-ல் கார்ல்ஸ்பாத் என்ற ஊரில் யூதக் குடும்பத்தில் பிறந்தார். அந்த ஊர் இன்று செக் குடியரசில் இருக்கிறது. பெர்லினில் இசை படித்தார். பிறகு பிராக் நகரில் முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்தார். தன் பேராசிரியர் நாஜிக்களோடு சேர்ந்தவர் என்று தெரிந்ததும் பட்டமே வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

1933-ல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். 1934-ல் காஃப்மான் பம்பாய்க்குக் கப்பலேறினார். ஏன் இந்தியா? ராகங்களைத் தேடியா? இல்லை, இந்தியாவுக்கு விசா எளிதாகக் கிடைத்தது. அவ்வளவுதான்!

வந்த புதிதில் நம் இசை அவருக்குக் கொஞ்சமும் பிடிபடவில்லை. அந்நியமாக இருந்தது. அவர் இடத்தில் வேறொருவர் இருந்திருந்தால் 'இதெல்லாம் ஒரு இசையா?' என்று காதைப் பொத்திக்கொண்டு போயிருப்பார். காஃப்மான் வேறு மாதிரி யோசித்தார். இத்தனை கோடி மனிதர்கள் ரசிக்கும் ஒன்று தனக்குப் புரியவில்லை என்றால் குறை தன்னிடம்தான் இருக்க வேண்டும் என்று முடிவு செய்தார். உட்கார்ந்து கேட்டார், படித்தார்.

பம்பாயில் மேற்கத்திய இசைக்காக ஒரு சங்கம் தொடங்கினார். அதில் வயலின் வாசித்தவர்களில் ஒருவர் மெஹ்லி மேத்தா. புகழ்பெற்ற ஸுபின் மேத்தாவின் அப்பா! 1937 முதல் 1946 வரை அகில இந்திய வானொலியின் பம்பாய் நிலையத்தில் ஐரோப்பிய இசைப் பிரிவுக்கு காஃப்மான் இயக்குநராக இருந்தார்.

பிறகு லண்டன், கனடா, கடைசியாக அமெரிக்காவின் இந்தியானா பல்கலைக்கழகம். இந்தியாவை விட்டுப் போன பிறகும் ராகங்கள் அவரை விடவில்லை. வட இந்திய ராகங்கள் பற்றி 1968-லும் தென்னிந்திய ராகங்கள் பற்றி 1976-லும் பெரிய நூல்களை வெளியிட்டார். 1984-ல் காலமானார்.

இதில் நாம் யோசிக்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. 'அகதி' என்றாலே நம் ஊரில் 'நமக்குப் பாரம்' என்றுதான் பலர் பேசுகிறார்கள். 1983-க்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்த தமிழர்கள் தமிழ்நாட்டில் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் வாழ்ந்து வருகிறார்கள். 2021-ல் 'அகதிகள் முகாம்' என்ற பெயர் 'மறுவாழ்வு முகாம்' என்று மாறியது. நல்லதுதான். ஆனால் இங்கேயே பிறந்து, இங்கேயே படித்து வளர்ந்தவர்களில் பலருக்கு இன்னும் குடியுரிமை இல்லையே!

'வருகிறவர் எல்லாம் காஃப்மான் ஆகிவிடுவாரா?' என்று கேட்கலாம். ஆக மாட்டார், ஆகவும் வேண்டாம். உயிருக்குப் பயந்து வருகிறவருக்கு இடம் கொடுக்கத் திறமைச் சான்றிதழ் எதற்கு? காஃப்மான் கப்பலிலிருந்து இறங்கியபோது அவரும் வேலை தேடி வந்த ஓர் இளைஞர்தான். கோடிக்கணக்கான வீடுகளில் விடியற்காலையில் ஒலிக்கப்போகும் இசைக்கு அவர் பெயர் சொல்லப்படும் என்று அன்று யாருக்குத் தெரியும்?

வானொலி நிலையங்கள் வருடத்துக்கு ஒரு நாளாவது அந்த இசை முடிந்ததும் காஃப்மானின் கதையைச் சொல்லலாம். கேட்கிற பத்துப் பேரில் ஒருவராவது, அடுத்த முறை 'அகதி' என்ற சொல்லைக் கொஞ்சம் யோசித்துப் பேசுவார்.