பணிமூப்புக்கும் பூட்டா?

ஆசிரியர் தகுதித் தேர்வில் தேறாதவர்களுக்குப் பதவி உயர்வு இல்லை என்று உச்ச நீதிமன்றம் 1.9.2025 அன்று தீர்ப்பளித்தது. ஓய்வுபெற ஐந்தாண்டுக்கு மேல் இருப்பவர்கள் வேலையில் நீடிக்கவே இரண்டாண்டுக்குள் தேறியாக வேண்டும். தேர்வை நாம் எதிர்க்கவில்லை. காலனிப் பிள்ளைகளுக்கும் நல்ல ஆசிரியர் வேண்டும்.

ஆனால், பதவி உயர்வில் பட்டியல் சாதியினருக்கு இடஒதுக்கீடு தர அரசியல் சட்டம் 1995-லேயே திருத்தப்பட்டது. சமூகநீதி பேசும் தமிழகம் (மேடையில் பேசுவதற்குக் குறைவில்லை) இன்றுவரை அதைத் தரவில்லை. நம் ஆசிரியர்களுக்குப் பணிமூப்பு ஒன்றே ஏணி. இப்போது அதற்கும் பூட்டு.

தேர்வு நாள் வரும்வரை அரசு காத்திருக்கக் கூடாது. விழுப்புரம், திண்டிவனத்தில் ஆதிதிராவிடர் நலப் பள்ளி ஆசிரியர்களுக்கு இலவசப் பயிற்சியும், படிக்க ஊதியத்துடன் விடுப்பும் வேண்டும். பதவி உயர்வு இடஒதுக்கீட்டுக்கான சட்டத்தை அடுத்த சட்டமன்றக் கூட்டத்திலேயே கொண்டுவர வேண்டும்.