முந்திரிக் காய்ப்பு ஓய்ந்த பின் செய்யத்தக்கன

பண்ருட்டி வட்டாரத்துச் செம்மண் மேடுகளில் முந்திரிக் காய்ப்பு சாதாரணமாய் ஆனி மாதத்திற்குள் ஓய்ந்துவிடுகிறது. கொட்டை பொறுக்கி முடிந்ததும் தோப்பை அடைத்துவிட்டு, தை மாதத்தில் பூ கண்ட பின்னரே அப்பக்கம் திரும்பிப் பார்ப்பது குடியானவர்களுள் அநேகருடைய வழக்கம். வானத்தை நம்பி நிற்கும் மரத்திற்குச் செய்யவேண்டுவது யாதுமில்லை என்பது அவர்கள் கொள்கை. அது பிசகான கொள்கையாகும். மறுவருஷத்து மகசூலுக்கு அஸ்திவாரம் இவ்விடைப்பட்ட மாதங்களிலேயே போடப்படுகிறது.

முந்திரி புதுத் துளிரின் நுனியிலே பூப்பது. வெயில் படாத உட்கிளைகள் மரத்தின் சத்தை உண்பனவேயன்றிக் கொட்டை தருவன அல்ல. ஆதலின் ஆடி, ஆவணி மாதங்களில் காய்ந்த குச்சிகளையும், ஒன்றோடொன்று உராயும் கிளைகளையும், அடிமரத்தினின்று கிளம்பும் போத்துகளையும், மூன்றடி உயரத்திற்குக் கீழே தாழ்ந்த கொம்புகளையும் களைதல் வேண்டும். அரிவாளால் கொத்தினால் வெட்டுவாய் பிளந்து நோய்க்கு வாசலாகும். ரம்பத்தால் அறுப்பதே உத்தமம். விறகுக்கு நல்ல விலை வருகிறதென்று பச்சைக் கிளைகளையும் கழிப்போர் சிலர் உளர். அது கவாத்து அன்று, மரத்தைக் கொள்ளையிடுவதேயாம். முந்திரி மிதமான கவாத்தையே தாங்கும்.

அறுத்த வாய்களுக்குப் போர்டோ பசை பூசுவது அவசியம். மயில்துத்தம் 1 கிலோ, சுட்ட சுண்ணாம்பு 1 கிலோ இவற்றைத் தனித்தனியே நீரில் கரைத்து, மொத்தம் 10 லிட்டராகும்படி கலந்துகொள்க. மண்பானையோ பிளாஸ்டிக் தொட்டியோ ஏற்றது. இரும்புப் பாத்திரம் கூடாது. தீட்டிய கத்தியைக் கலவையில் தோய்க்கையில் செம்பு நிறம் படியுமாயின் சுண்ணாம்பு போதவில்லையென்று அறிந்து மேலும் சிறிது சேர்க்கவேண்டும்.

இச்சமயத்தில் அடிமரத்தைக் குனிந்து பார்ப்பதும் கடமை. பட்டை வெடிப்பில் பிசின் கசிந்து, மரத்தூள் போன்ற எச்சம் வெளிப்படுமாயின் தண்டு வேர்த்துளைப்பான் புகுந்துவிட்டது. தொடக்கத்திலேயே பட்டையைச் சீவிப் புழுவை எடுத்தழித்தால் மரம் பிழைக்கும். முற்றிலும் பட்டுப்போன மரத்தை வேரோடு அகற்றாவிடில் அடுத்த மரங்களும் கெடும்.

2011-ஆம் வருஷம் டிசம்பர் 30-ஆம் தேதி கரை கடந்த 'தானே' புயல் இச்சீமையின் முந்திரியையும் பலாவையும் வேரோடு சாய்த்துவிட்டது. அதன்பின் ஒட்டுக்கன்றுகளை நெருக்கி நட்ட தோப்புகளில் கிளைகள் பின்னிக்கொள்ளும் பருவம் வந்துவிட்டது. அத்தகைய தோப்புகளைக் கவனியாது விட்டால், மரம் தழைத்திருப்பினும் காய்ப்பு நுனியோடு நின்றுவிடும்.

கவாத்து நடைபெறாமைக்கு அறியாமை மாத்திரம் காரணமன்று. தோப்பை அவ்வருஷக் காய்ப்புக்கு மட்டும் குத்தகை விடும் முறையே பெருந்தடையாய் நிற்கிறது. குத்தகைதாரருக்குக் கொட்டையே நோக்கம். அடுத்த வருஷம் தோப்பு யார் கைக்குப் போகுமோ, அதற்கு அவர் ஏன் கூலி கொடுப்பார்? தோப்புக்காரரோ குத்தகைப் பணத்தை வாங்கியதோடு அமைந்துவிடுகிறார். இருவருக்கும் நடுவே மரம் அநாதையாகிறது. மூன்று வருஷத்திற்குக் குறையாமல் குத்தகை பேசி, கவாத்துக் கூலியில் யாருக்கு எவ்வளவு பங்கென்பதையும், கழித்த விறகு யாரைச் சேரும் என்பதையும் பூ கண்டு பேரம் முடிக்கும் நாளிலேயே சீட்டில் எழுதிக்கொள்வது இருதரத்தாருக்கும் அநுகூலமாகும்.