லாம்டா என்பது வெறும் மாவுதான் ஐயா!

பொட்டி தட்டும் நம் ஜனங்களோடு இன்று ஒரு சண்டை. உங்கள் வீட்டில் யாராவது சி ஷார்ப்பில் ஆணி பிடுங்கிக்கொண்டிருந்தால் கூப்பிட்டுப் படிக்கச் சொல்லுங்கள்.

"லாம்டான்னா பேர் இல்லாத குட்டி ஃபங்ஷன், அவ்வளவுதான்" என்று பயிற்சி வகுப்புகளில் ஜல்லியடிக்கிறார்கள். ஊரிலிருந்து பெங்களூருக்கும் புனேக்கும் வரும் பிள்ளைகளும் இதையே ஒப்பிக்கிறார்கள். அவ்வளவுதானா? இல்லவே இல்லை.

2007-ல் சி ஷார்ப் 3.0-வில் லாம்டா வந்தபோது அதற்கென்று சொந்த டைப் கிடையாது. அது மாவு மாதிரி. கல்லில் ஊற்றினால் தோசை, தட்டில் ஊற்றினால் இட்லி. 'எண் ஐந்தைவிடப் பெரிதா?' என்று கேட்கும் ஒரே லாம்டா, லிஸ்ட்டின் 'ஃபைண்ட்ஆல்'-இடம் போனால் ப்ரெடிகேட் ஆகும். லின்க்கின் 'வேர்'-இடம் போனால் ஃபங்க் ஆகும். இரண்டும் ஓர் எண்ணை வாங்கி ஆம், இல்லை சொல்பவைதான். ஆனால் ஃபங்க் ஆக வெந்ததை ப்ரெடிகேட் கேட்கும் இடத்தில் நீட்டினால் கம்பைலர் வாங்காது. டெலிகேட்டில் பெயர் வேறென்றால் டைப்பும் வேறு. ஹாஸ்கெல்லில் இந்தத் தொல்லை இல்லை. அங்கே எதை வாங்கி எதைத் தருகிறது என்பதுதான் ஃபங்ஷனின் டைப்.

"கம்பைலர் திட்டினால் மாற்றிக்கொள்ளலாமே" என்பீர்கள். அது திட்டாத இடம்தான் ஆபத்து. டேட்டாபேஸ் கேள்விக்கு லாம்டா எக்ஸ்ப்ரஷனாக மாற வேண்டும். அப்போதுதான் அது எஸ்க்யூஎல் ஆகும். அதை ஒரு ஃபங்க் வேரியபிளில் போட்டுக் கொடுத்துப் பாருங்கள். கம்பைல் ஆகும், விடையும் சரியாக வரும். ஆனால் மொத்த டேபிளும் மெமரிக்கு வந்த பிறகுதான் வடிகட்டல் நடக்கும். டெஸ்டிங்கில் ஐம்பது வரிசை, தெரியாது. ப்ரொடக்ஷனில் ஐம்பது லட்சம்!

அசிங்க் லாம்டாவை ஆக்ஷன் கேட்கும் இடத்தில் கொடுப்பது இன்னும் அசிங்கம். கூப்பிட்டவர் காத்திருக்க வழியில்லை. உள்ளே வெடிக்கும் எக்ஸெப்ஷனை அவருடைய ட்ரை-கேட்ச் பிடிக்காது. ப்ரோகிராமே படுத்துவிடலாம்.

"2021-ல் வந்த சி ஷார்ப் 10-ல் 'வார்' போட்டாலே போதுமே" என்று ஒரு கோஷ்டி கிளம்பும். பாராமீட்டரின் டைப்பை எழுதியிருந்தால்தான் அதுவும் நடக்கும். அப்போதும் கம்பைலர் பொதுவாக எடுப்பது ஃபங்க் அல்லது ஆக்ஷன். உங்களுக்கு எக்ஸ்ப்ரஷன் வேண்டும் என்று அதற்கு எப்படித் தெரியும்?

பாடம் எடுப்பவர்களே, இன்டர்வியூ எடுப்பவர்களே, "லாம்டா என்றால் என்ன?" என்று கேட்பதை நிறுத்துங்கள். "இந்த லாம்டா இங்கே எந்த டைப்பாக மாறுகிறது?" என்று கேளுங்கள். அதைச் சொல்லித்தராமல் விட்டால் ராத்திரி இரண்டு மணிக்குப் போன் வரும். குடும்பத்துக்கே தூக்கம் போகும். இரண்டு மாதம் முன்பே எடுத்த பொங்கல் டிக்கெட்டையும் கேன்சல் செய்ய வேண்டி வரும்.

மாவில் குறையில்லை சாமி. எந்தப் பாத்திரத்தில் ஊற்றுகிறோம் என்று பார்த்து ஊற்றுங்கள் :-)