சிறைவாசிக்கும் வீடு உண்டு

சிறையிலிருப்பவர் சில நாள் விடுப்பில் வீடு வருகிறார் என்றாலே நம்மவர் முகம் சுளிக்கின்றனர். "கொலை செய்தவனுக்கு விடுமுறையா?" என்னும் வினா ஆரணியின் தறிவீடுகளிலும், திருப்பலி முடிந்து கோயில் முற்றத்தில் நிற்போரிடமும் எழுகிறது. வினவுவோர் தீயவரல்லர், சட்டம் சொல்வதை அறியாதவர்.

தமிழக அரசு 1982-இல் வகுத்த தண்டனை நிறுத்திவைப்பு விதிகள், தண்டனை பெற்றவருக்கு இருவகை விடுப்பை வழங்குகின்றன. பெற்றோர், துணைவர், பிள்ளைகள், உடன்பிறந்தார் இறந்தாலோ கடும் நோயுற்றாலோ அவசர விடுப்பு. குடும்பப் பிழைப்புக்கு வழிசெய்ய, பிள்ளையைப் பள்ளியில் சேர்க்க, வீட்டைப் பழுதுபார்க்க, மகளின் திருமணத்தை நடத்த, விதைக்க, அறுக்கச் சாதாரண விடுப்பு. (பிழைப்பு என்ற சொல்லில் பாவும் ஊடையும் அடங்கும் என்றே நாம் கொள்கிறோம்.) மக்கள் 'பரோல்' என்பது இதைத்தான். இது முழு உரிமையன்று என நீதிமன்றங்கள் கூறுவதுண்டு. அதற்காக, தகுதியுள்ளவருக்குக் காரணமின்றி மறுப்பது நீதியாகிவிடாது. தண்டனையும் குறைவதில்லை. முன்விடுதலைக்கான கணக்கில் பரோல் நாட்களைச் சிறைவாசமாகச் சேர்க்க இயலாதென்று, கோவா மாநில வழக்கொன்றில் 2023 சனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

விதி இருக்கிறது, விடுப்பு கிடைக்கிறதா? ராஜீவ் காந்தி கொலை வழக்கில் 1991-இல் பத்தொன்பது வயதில் கைதான பேரறிவாளன், நோயுற்ற தந்தையைக் காண வேலூர்ச் சிறையிலிருந்து சோலையார்பேட்டை வீட்டுக்கு முதன்முதலாக விடுப்பில் வந்தது 2017 ஆகஸ்டில். இருபத்தாறு ஆண்டுகள்! அதே வழக்கின் நளினி, மகளின் திருமண ஏற்பாட்டுக்காக 2019 சூலையில் சென்னை உயர் நீதிமன்றத்தில் தாமே வாதாடி ஒரு மாதம் பெற்றார். நீட்டிப்பும் முடிந்தபின் இருவரும் சிறைக்குத் திரும்பினர், ஓடி ஒளியவில்லை. 2022-இல் உச்ச நீதிமன்றம் அவர்களை விடுவித்தது தனிச்செய்தி. நாடறிந்த இவர்களுக்கே இத்தனை காலம் ஆயிற்றெனில், பெயரறியாத நெசவுக் கூலியின் மகனுக்காக யார் வாதாடுவார்?

ஸ்ரீபெரும்புதூரில் உற்றாரை இழந்தோரின் கண்ணீரை நாம் மறக்கவில்லை. ஆனால் ஒருவன் தன் தாயின் கல்லறையில் ஒரு பிடி மண் இடாமற் போவதால் யாருடைய கண்ணீர் வற்றப் போகிறது?

இனி நம்மிடம் வருவோம். விடுப்புக் கேட்டவரின் ஊருக்கு நன்னடத்தை அலுவலர் வந்து விசாரிக்கிறார். காவல் நிலையமும் அறிக்கை தருகிறது. அவர் வந்தால் ஊரமைதி கெடுமா என்பதே கேள்வி. அப்போது பக்கத்து வீட்டாரின் வாய்ச்சொல்லே கதவைத் திறக்கிறது, அல்லது அடைக்கிறது. "வேண்டாம் ஐயா, பிரச்சினை வரும்" என்று சொல்லிவிட்டு மீண்டும் தறியில் அமர்வது எளிது. மெய்யான அச்சமிருப்பவர் சொல்லட்டும், அது கடமை. பழம்பகைக்காகவும் மனைத் தகராறுக்காகவும் குடும்ப மானத்துக்காகவும் சொல்லப்படும் 'வேண்டாம்' பொய்ச்சான்று. எட்டாம் கட்டளையை நாம் குழந்தைகளுக்கு மட்டுமா கற்பிக்கிறோம்?

1218-இல் புனித பேதுரு நொலாஸ்கோ நிறுவிய மெர்சிடாரியர் சபையார், சிறைப்பட்டோரை மீட்கத் தம்மையே பிணையாகக் கொடுக்க நான்காவது வார்த்தைப்பாடு எடுத்தனர். மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ், 2024 திசம்பர் 26 அன்று உரோமையின் ரெபிபியா சிறையில் யூபிலியின் புனிதக் கதவைத் திறந்தார். நம்மிடம் யாரும் உடலைப் பிணையாகக் கேட்கவில்லை. உண்மையான ஒரு சொல்லையே கேட்கின்றனர்.

தவக்காலத்தில் சிறைக்குப் பழமும் ரொட்டியும் கொண்டுசெல்வது நன்று; அத்தோடு நின்றுவிடலாகாது. அலுவலர் விசாரிக்க வரும்போது, "வரட்டும், நாங்கள் பொறுப்பு" என்று பங்குப் பேரவை எழுதிக் கொடுக்கட்டும். மறுப்பு வந்தால், காரணத்தை எழுத்தில் கேட்கவும், மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை நாடவும் அந்தத் தாய்க்கு ஒருவர் துணை போகட்டும். சிறையிலிருப்போருக்கு அங்கே வழக்கறிஞர் கட்டணம் கிடையாது. 1987-ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களுக்குத் தந்த உரிமை அது.