சக்கை மரத்தை விக்காதீங்க, தலையைக் குறைங்க

பாறசாலையில் இருந்து போன் வந்தால் இப்போதெல்லாம் பாதிப் பேச்சு மரத்தைப் பற்றித்தான். எங்கள் வீட்டில் மட்டும் இல்லை. இங்கே நியூஜெர்சியில் எனக்குத் தெரிந்த நெய்யாற்றின்கரை, களியக்காவிளை ஆட்கள் வீட்டிலும் இதே கதை. போன வாரம் சித்தப்பா சொன்னது: "சக்க பறிக்க ஆளு கெடைக்கல மக்களே. மரம் ஓட்டுக்கு மேல சாஞ்சு நிக்கி. காத்துல ஒரு கொம்பு முறிஞ்சா வீடு போச்சு. தடி வியாபாரி நல்ல விலை சொல்லுதான், குடுத்திருவோம்."

அவர் பயம் நியாயமானது. அந்த ஓட்டுக்குக் கீழே படுப்பது அவர்தான். 8,000 மைலுக்கு அப்பால் உட்கார்ந்துகொண்டு பாரம்பரியம் பேசுவது சுலபம். ஆனால் வைப்பது, விற்பது என்று இரண்டே வழிதான் என்பதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். "பாதியாக் குறைப்போம் சித்தப்பா" என்றேன். "மண்டைய வெட்டினா பின்ன எங்கலே காய்க்கும்?" என்றார்.

அருமையான கேள்வி. அதற்குப் பதில் சொல்ல என் வீட்டுப் பின்னால் நிற்கும் இரண்டு செஸ்ட்நட் மரங்களிடம் போகணும். சீன வகை, வீட்டை வாங்கும்போதே இருந்தவை. (ஒன்று மட்டும் இருந்தால் சரியாகக் காய்க்காது, மகரந்தத்துக்கு ஜோடி வேண்டும்.) செப்டம்பர் கடைசியில் முள்ளுருண்டை வெடித்துக் கொட்டை விழும். தோட்டில் ஒரு கீறல் போட்டுச் சுடணும், இல்லையென்றால் வெடிக்கும். அம்மா வந்திருந்தபோது ஒன்றைத் தின்றுவிட்டு, "இது நம்ம சக்கக்கொட்டைதானே" என்றாள். இனிப்பு கொஞ்சம் கூட, அவ்வளவுதான் வித்தியாசம். பூங்காவில் பளபளவென்று கிடக்கும் ஹார்ஸ் செஸ்ட்நட்டைப் பிள்ளைகள் பொறுக்கி வந்தால் மட்டும் வாயில் வைக்க விடாதீர்கள். அது விஷம். அதன் தோட்டில் முள் குட்டையாக, எட்ட எட்ட இருக்கும். தின்கிற வகையில் முள்ளம்பன்றி மாதிரி நெருக்கமாக இருக்கும்.

இந்த மரம் காய்ப்பது அந்த வருஷம் துளிர்க்கும் இளங்கொம்பில். குளிர்காலக் கடைசியில், இலை இல்லாத நேரத்தில், காய்ந்ததையும் ஒன்றோடொன்று உரசுவதையும் எடுக்கலாம். அழகு பார்க்கிறேன் என்று நுனியெல்லாம் கத்தரித்தால் அந்த வருஷம் கொட்டைக்குக் கடைக்குத்தான் போகணும் :-) தவிர, இந்த இனத்துக்கு வெட்டுக்காயம் என்றாலே பயம். 1904-ல் நியூயார்க் பிராங்ஸ் மிருகக்காட்சி சாலையில் கண்டுபிடிக்கப்பட்ட ஒரு பூஞ்சை, பட்டையில் இருக்கும் காயம் வழியாக நுழைந்து, அரை நூற்றாண்டுக்குள் 300 கோடிக்கும் மேலான அமெரிக்க செஸ்ட்நட் மரங்களைக் கொன்றது. வேர் சாகவில்லை. இன்றும் காட்டில் அடியில் இருந்து துளிர்க்கிறது, கொஞ்சம் வளர்ந்ததும் மறுபடி நோய் பிடிக்கிறது.

நம்ம சக்கை மரம் இதற்கு நேர் எதிர். அது காய்ப்பது அடிமரத்திலும் தடித்த கொம்பிலும். வேர்மூட்டில் சக்கை கிடப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள்தானே நாம்? உச்சியில் இருக்கும் கொம்பைக் குறைத்தால் கீழே காய்ப்பு நின்றுபோகாது. கைக்கு எட்டாத சக்கைதான் குறையும், அது எப்படியும் விழுந்து சிதறி ஈ மொய்க்கத்தான் போகிறது.

ஒரே நாளில் மொட்டையடிக்கக் கூடாது. ஓட்டுக்கு மேல் நிற்கும் கொம்பு முதல் வருஷம், மற்றது அடுத்த இரண்டு வருஷத்தில். கனமான கொம்பை முதலில் அடிப்பக்கம் கொஞ்சம் அறுத்துவிட்டு, அப்புறம் மேலே இருந்து அறுக்கணும். இல்லையென்றால் விழும்போது அடிமரப் பட்டையையும் உரித்துக்கொண்டு போகும். கொம்பு கிளம்பும் இடத்தில் தடித்திருக்கும் வளையத்தை வெட்டாமல் விடணும், காயம் மூடுவது அதில் இருந்துதான். வெட்டுவாயில் மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்த போர்டோ பசை பூசணும், ரப்பர் வைத்திருக்கிறவர்களுக்கு இது தெரிந்த மருந்துதான். கொத்தாகப் பிடிக்கும் பிஞ்சில் ஒன்றை விட்டு மற்றதைப் பறித்தால் மரத்துக்கும் பாரம் குறையும், இடிச்சக்கைத் தோரனும் ஆச்சு.

1956 நவம்பர் 1-ல் எல்லை போட்டபோது விளவங்கோடு அந்தப் பக்கமும் நெய்யாற்றின்கரை இந்தப் பக்கமும் ஆனது. இரண்டு மாநிலமும் எதில் ஒத்துப்போகிறதோ இல்லையோ, மாநிலப் பழத்தில் ஒத்துப்போகிறது. தமிழ்நாட்டுக்கும் பலாதான். கேரளமும் 2018 மார்ச் 21-ல் அதையே அறிவித்தது. நெய்யாற்றின்கரை கிருஷ்ணசாமி கோயிலில் அம்மச்சிப் பிலாவின் காய்ந்த அடிமரத்தை இன்றும் பாதுகாக்கிறார்கள், மார்த்தாண்ட வர்மா அதன் பொந்தில் ஒளிந்து உயிர் தப்பினார் என்பதற்காக. செத்த பிலாவுக்கு அந்த மரியாதை. உயிரோடு காய்க்கிற பிலாவுக்கு வாள்!

மரம் உள்ளே பொந்து விழுந்து, வேர் ஆடிப்போய் இருந்தால் வெட்டத்தான் வேண்டும், அதில் வாதம் இல்லை. ஆனால் அதே விளையில் ஒட்டுக்கன்று ஒன்று வையுங்கள். எல்லைக்கு அந்தப் பக்கம் பேச்சிப்பாறை தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையம் தேர்ந்தெடுத்த பிபிஐ-1 இருக்கிறது. வைக்கும் இடம் வீட்டை விட்டுத் தள்ளி இருக்கட்டும். ஆள் உயரம் வந்ததும் நுனியைக் கிள்ளி, பக்கவாட்டில் மூன்று நான்கு கொம்பை மட்டும் விட்டு, வருஷா வருஷம் சக்கை தீர்ந்ததும் உயரத்தைக் குறைத்துவந்தால் ஏணி போட்டே பறிக்கலாம். சித்தப்பா வயசுக்காரர் கூட.

சக்கை தீர்ந்து, ஆகஸ்டில் மழை இடைவெளி விடும் நேரம்தான் கொம்பு குறைக்க வசதி. இங்கே பள்ளிக்கூட விடுமுறையும் அப்போதுதான். டிக்கெட் போடும்போதே மரம் ஏறுகிறவரிடமும் நாள் சொல்லி வையுங்கள். ஓணம் நெருங்கிவிட்டால் ஆள் கிடைக்காது.