ஒத்திவைக்கப்பட்ட விடுதலை!

விடுதலை என்பது போர் முடிந்தபின் களத்தில் அளந்து பங்கிடும் விளைச்சலன்று; அப்போரை நடத்துவதற்கே வேண்டிய விதை. விதைநெல்லைக் குற்றி உண்டுவிட்டு அறுவடைக்குக் காத்திருப்பவனைப் பேதை என்போம். ஆனால், நாடுகளின் வரலாற்றில் இப்பேதைமை மீண்டும் மீண்டும் நிகழ்ந்துள்ளது. அதுவும் பேதையரால் அன்று, அஞ்சா நெஞ்சமும் தன்னலமின்மையும் மிக்க வீறுடையோராலேயே நிகழ்ந்துள்ளது. 1936 முதல் 1939 வரை இசுபெயின் நாட்டில் போரிட்ட அரசின்மை இயக்கத்தின் வரலாறு அத்தகையது. மொழிக்கும் இனத்திற்கும் மண்ணுக்கும் விடுதலை வேட்கும் எவரும் அதனைக் கற்றல் வேண்டும்.

அரசின்மையர் என்றவுடன், குண்டெறிந்து குழப்பம் விளைப்போர் என எண்ணிவிடுதல் கூடாது. அத்தகையோரும் அவர்களிடையே இருந்தனர். ஆயினும், அவர்தம் கொள்கை குழப்பமன்று. மக்களை மேலிருந்து ஆளும் அரசு வேண்டா. ஊரும் உழைப்பிடமும் தம்மைத் தாமே ஆண்டுகொள்க. அவை விரும்பி இணைந்து கூட்டமைப்பாகுக என்பதே அக்கொள்கை. 1868இல் உருசியப் புரட்சியாளர் பக்குனின் விடுத்த தூதராகப் பனெல்லி என்னும் இத்தாலியர் அங்கு வந்தார். அவருக்கு அந்நாட்டு மொழி தெரியாது. இத்தாலியத்திலும் பிரெஞ்சிலுமே பேசினார். ஆயினும், அவர் குரலும் கண்ணும் கையசைவுமே தம்மைப் பற்றிக்கொண்டன என்று அங்கிருந்த அச்சுத் தொழிலாளர் அன்செல்மோ லொரென்சோ பின்னாளில் எழுதினார். விதை அயலது, ஆனால், நிலம் ஆயத்தமாக இருந்தது. தெற்கே அந்தலூசியாவில் நிலமற்ற உழவரும், வடகிழக்கே கத்தலோனியாவில் ஆலைத் தொழிலாளரும் அதனைத் தமதாக்கிக் கொண்டனர்.

1910இல் பார்சிலோனாவில் சி.என்.டி. எனப்பெற்ற தொழிலாளர் கூட்டமைப்பு தோன்றியது. 1919இல் அந்நகரின் மின்நிறுவனம் ஒன்றில் எழுத்தர் எண்மர் வேலைநீக்கம் செய்யப்பெற்றனர். அவர்க்காகத் தொடங்கிய வேலைநிறுத்தம் 44 நாள் நீடித்தது. நகரமே இருளில் மூழ்கியது. அவ்வாண்டு ஏப்பிரலில் எட்டு மணிநேர வேலை சட்டமாயிற்று. எண்மருக்கு நேர்ந்ததைத் தமக்கு நேர்ந்ததாகக் கொண்ட ஒற்றுமை, ஒரு நாடு முழுமைக்கும் உரிமை பெற்றுத் தந்தது!

1936 சூலை 17இல் படைத்தலைவர்கள் குடியரசுக்கு எதிராக எழுந்தனர். பார்சிலோனாத் தொழிலாளர் படைக்கலம் கேட்டனர். அரசு தர மறுத்தது. அவர்கள் துறைமுகக் கப்பல்களிலிருந்து துமுக்கிகளைத் தாமே எடுத்துக்கொண்டு, குடியரசுக்கு உண்மையாய் நின்ற காவற்படையினரோடு சேர்ந்து, சூலை 19, 20 ஆகிய இரண்டே நாள்களில் பயின்ற படையை வீழ்த்தினர். பிரான்சிசுகோ அசுக்காசோ போன்ற முன்னணி மறவர் அதில் உயிர்நீத்தனர்.

போர் ஓய்ந்த அன்றே கத்தலோனியத் தலைவர் கம்பனிசு அவர்களை அழைத்தார். நகரம் நும் கையில் உள்ளது. நான் வேண்டுமாயின் இருப்பேன், வேண்டாவாயின் விலகுவேன் என்னும் கருத்துப்படப் பேசினார். முழுவதையும் நாமே ஏற்போம் என்றார் கார்சியா ஒலிவர். பெரும்பான்மையோர் இசையவில்லை. நாம் ஆட்சியேற்பின் அதுவும் வல்லாட்சியே என அஞ்சினர். அச்சம் தூயதே! ஆனால், கம்பனிசின் அரசை அவர்கள் கலைக்கவும் இல்லை. அதனைத் தம் மக்கள் மன்றங்களால் மாற்றீடு செய்யவும் இல்லை. வெறும் கூடாக அதனை விட்டுவைத்தனர். வெறுங்கூட்டில் யாரேனும் குடியேறுவர் என்பதை மறந்தனர்.

இதற்கிடையில் கீழே மக்கள் செய்தவை வியக்கத்தக்கவை. பார்சிலோனாவின் தெரு மின்வண்டிகளைத் தொழிலாளர் சில நாள்களிலேயே மீண்டும் ஓட்டினர். ஆலைகளையும் உணவகங்களையும் மருத்துவமனைகளையும் தாமே நடத்தினர். நூற்றுவர்க்கு மேற்பட்டோர் உழைத்த நிறுவனங்களைக் கூட்டுடைமையாக்கிய 1936 அக்தோபர் ஆணை, அவர்கள் முன்பே செய்துவிட்டதற்கு இட்ட முத்திரையே. அராகோன் ஊர்களில் நிலத்தை ஒன்றாக்கிக் கூடி உழுதனர்; பல ஊர்களில் பணத்தையே நீக்கி, குடும்பத் தேவைக்கேற்பப் பங்கிட்டனர். 'விடுதலைப் பெண்டிர்' என்னும் மகளிர் அமைப்பு எழுத்தறிவும் தொழிற்கல்வியும் புகட்டியது.

கறைகளையும் மறைத்தல் ஆகாது. படைக்கலத்தார்க்கு அஞ்சிக் கூட்டில் சேர்ந்த உழவரும் உண்டு. பெண்டிர்க்குக் குறைந்த கூலி தந்த கூட்டுகளும் உண்டு. குடியரசுப் பகுதியில் பாதிரிமாரும் துறவியருமாக ஏறத்தாழ 6,800 பேர் கொல்லப்பெற்றனர். அக்குருதியில் அரசின்மையர்க்கும் பங்குண்டு. கொடுங்கோன்மையை எதிர்ப்பவன் கைகளே கொடுமை செய்யின், பகைவனுக்கு வேறு பரப்புரை வேண்டுவதில்லை.

இனி, அவர்கள் வீழ்ந்த வழியைக் காண்போம்.

இட்லரும் முசோலினியும் பிராங்கோவுக்கு வானூர்திகளும் படைகளும் தந்தனர். பிரித்தானியாவும் பிரான்சும் தலையிடாமை என்னும் பெயரால் குடியரசுக்குப் படைக்கலம் மறுத்தன. வல்லரசுகளுள் எஞ்சியது உருசியா ஒன்றே. அங்கு 510 தொன் பொன் கப்பலேறியது, படைக்கலம் வந்தது, அதனோடு இசுடாலினின் விருப்பும் வெறுப்பும் வந்தன. 'முதலில் போர், பிறகு புரட்சி' என்னும் முழக்கம் எழுந்தது. கேட்பதற்கு எவ்வளவு பொருத்தமாக உள்ளது! 1936 நவம்பரில் அரசு வேண்டா என்றோர் நால்வர் அமைச்சராயினர். கார்சியா ஒலிவர் முறைமன்றத் துறையையும், பெதரிக்கா மோன்செனி நலத்துறையையும் ஏற்றனர். அவர்தம் விருப்பப் படைகள் அரசுப் படையில் கரைக்கப்பெற்றன. அராகோன் களத்திற்கு முதலில் சென்ற துர்ருத்தி, அதே நவம்பர் 20இல் மத்ரித்தைக் காக்கும் போரில் மாய்ந்தார்.

1937 மே 3இல், தொழிலாளர் நடத்திய பார்சிலோனாத் தொலைபேசி நிலையத்தைக் கத்தலோனிய அரசின் காவலர் பறிக்க வந்தனர். தொழிலாளர் மீண்டும் தெருத்தடைகளை எழுப்பினர். அப்போது வானொலியில் போரை நிறுத்துமாறு வேண்டியவர் யார்? அவர்தம் அமைச்சராகிய கார்சியா ஒலிவரும் மோன்செனியுமே! நூற்றுக்கணக்கானோர் மாய்ந்தனர். அவ்வாண்டு ஆகசுட்டில் இலிசுதரின் படைப்பிரிவு அராகோன் மன்றத்தைக் கலைத்தது. கூட்டுப் பண்ணைகள் பலவற்றைச் சிதைத்தது. அடுத்த மார்ச்சில் அதே அராகோன் களத்தை உடைத்துக்கொண்டே பிராங்கோவின் படை கடலை நோக்கி விரைந்தது. பகைவனின் வானூர்தியும் பீரங்கியும் அவ்வெற்றிக்குப் பெருங் கரணியங்கள் என்பதை மறுக்கவில்லை. ஆனால், தன் நிலம் என்று காத்து நிற்க உழவனுக்கு இருந்த ஊக்கத்தை அதற்கு முன்பே குடியரசின் கையே முறித்திருந்தது.

இதனினும் பெரிய பிழை ஒன்றுண்டு. அதனைப் பலர் பேசுவதில்லை. பிராங்கோவின் கூர்வாள், இசுபெயின் அடிமைகொண்டிருந்த மொராக்கோவில் திரட்டிய படை. அம்மண்ணின் மக்களே 1921இல் அப்தெல் கரீம் தலைமையில் இசுபானியப் படையை முறியடித்தோர். அவர்க்கு விடுதலை வழங்கியிருப்பின் பிராங்கோவின் காலடி நிலமே நடுங்கியிருக்கும். 1936 செப்டம்பரில் மொராக்கோ விடுதலை நாட்டத்தார் பார்சிலோனாவுக்கு வந்து, அரசின்மையர் முதன்மை பெற்றிருந்த படைக்குழுவோடு உடன்பாடும் கண்டனர். மத்ரித் அரசு ஏற்கவில்லை. பெரும்பகுதி மொராக்கோவை ஆண்ட பிரான்சு சினக்குமே என அஞ்சியது. பெர்னேரி என்னும் இத்தாலிய அரசின்மையர் இவ்விடுதலைக்காக எழுதினார். 1937 மே மாதத்தில் அவரும் கொல்லப்பெற்றார். இயக்கமோ, அரசில் அமர்ந்திருந்தும் இதனையே தன் நிலைக்கோளாக வைத்து வாதாடவில்லை. பிறர் காலில் தளையை விட்டுவைத்துத் தன் தளையை அறுக்க முயன்ற குடியரசை, அத்தளை பூண்டவரைக் கொண்டே பகைவன் வீழ்த்தினான்.

மொழியையும் அவர்கள் பொருட்படுத்தவில்லை. உழைப்பாளிக்கு நாடில்லை என்றனர். பிற பகுதிகளிலிருந்து வந்த தொழிலாளர் மிகுந்த அவ்வியக்கத்தின் முதன்மை இதழும் இசுபானியத்திலேயே வந்தது. ஆனால், பகைவன் மொழியின் வலிமையை நன்கறிந்திருந்தான். 1938இல் கத்தலோனியத் தன்னாட்சியை நீக்கினான். 1939 சனவரி 26இல் பார்சிலோனா வீழ்ந்தபின் கத்தலான் மொழியைப் பள்ளியிலிருந்தும் அலுவலகத்திலிருந்தும் துரத்தினான். தொழிற்சங்கத்தை ஒடுக்கிய கையே தாய்மொழியையும் ஒடுக்கியது. பிராங்கோ 1975இல் இறந்தான். 1979இல் அம்மொழி மீண்டும் ஆட்சிமொழியாயிற்று. இல்லத்தில் தாயர் அதனைக் கைவிடாமையே அதற்கு அடிப்படை.

ஏறத்தாழ ஐந்து இலக்கம் மக்கள் பனிமலை கடந்து பிரான்சுக்கு ஓடினர். கம்பிவேலி முகாம்களில் அடைபட்டனர். அப்பிரான்சின் தலைநகரையே செருமானியரிடமிருந்து மீட்க 1944 ஆகசுட்டு 24இல் முதலில் நுழைந்த படைப்பிரிவில் பெரும்பாலோர் இசுபானியர். அரசின்மையரும் அவர்களிடையே இருந்தனர். தம் நாட்டை மீட்க அவர்களுக்கு எவரும் வரவில்லை!

அவர்கள் மறத்தில் குறைந்தவரல்லர். ஈகத்திலும் குறைந்தவரல்லர். முதற்பெரும் வெற்றியை மக்கள் கைகளில் நிலைநிறுத்தாமல் விட்டனர். போருக்காகக் கொள்கையை ஒத்திவைத்தனர். வல்லரசுகளின் முகம் நோக்கிய அரசில் அமர்ந்து, அடிமைப்பட்ட பிறர் விடுதலையும் ஒத்திவைக்கப்பெறுவதைப் பொறுத்தனர். ஒத்திவைத்தவை திரும்பி வரவில்லை; எவற்றுக்காக ஒத்திவைத்தனரோ அப்போரும் வெல்லப்படவில்லை.

'முதலில் வெற்றி, பிறகு உரிமை' என்பார் எந்நாட்டிலும் உளர். அவரை நோக்கி நாம் கேட்க வேண்டிய வினா ஒன்றே: உரிமையைக் கைவிட்டபின், எதனைக் காட்டி மக்களைக் களத்திற்கு அழைப்பீர்?