தலை எண்ணுவதா கணக்கு?

போர்ச்சுகல் அரசுத் தொலைக்காட்சியின் இரண்டாம் அலைவரிசையில் 1994 முதல் கலை இலக்கியத்துக்கென்றே தினமும் ஒரு செய்தி நிகழ்ச்சி வந்தது. பெயர் 'அகோன்டெஸ்', 'நடக்கிறது' என்று பொருள். வாரம் ஒருமுறை அல்ல, தினமும்! நடத்தியவர் கார்லோஸ் பின்டோ கோயலோ. 1944-இல் லிஸ்பனில் பிறந்து மொசாம்பிக்கில் வளர்ந்த பத்திரிகையாளர், 2010-இல் காலமானார். புதிய நூல், நாடகம், ஓவியக் கண்காட்சி எல்லாமே அவருக்குச் செய்திதான்.

2003-இல் அதை நிறுத்திவிட்டார்கள். பார்க்கிறவர்கள் ஒவ்வொருவரையும் உலகம் சுற்றிவர அனுப்பினால்கூடச் செலவு குறைவு என்று அமைச்சர் ஒருவர் கேலி செய்தார். இது என்ன கணக்கு? கூட்டம் சேர்க்கத் தனியார் அலைவரிசைகள் இருக்கின்றன. மக்கள் பணத்தில் நடப்பது, சிலர் மட்டுமே கேட்பதையும் தரத்தானே வேண்டும்? (தலையை எண்ணினால் நம் சங்க நாடகங்களுக்குத் திரையே தூக்க முடியாது!)